ஏழாம் இழுப்பு

அரங்கத்தில் அவளை எல்லோரும் இழுப்பக்கா என்றுதான் கூப்பிடுவார்கள். புதிதாக வேலைக்குச் சேருகிறவர்கள் அவளுக்கு மூச்சிரைப்பு என்று நினைத்துக்கொண்டு, தூசியில் நிற்காதீர்கள் அக்கா என்று அக்கறையாகச் சொல்வார்கள். அவளும் இரண்டு நாள் விட்டுப் பிடிப்பாள். நடுவே ஒரு தடவை இருமிக்கூடக் காட்டுவாள். பிறகு அவர்களை அழைத்துப்போய், சுவரோரம் மடங்கி நிற்கும் இருக்கை வரிசைகளைக் காட்டுவாள். மேசை இழுப்பறை மாதிரி ஒன்றுக்குள் ஒன்றாகச் செருகி நிற்கும் படிகள் அவை. மோட்டாரை ஓட்டினால் ஒவ்வொன்றாக வெளியே வந்து பதினோரு வரிசை உயரத்துக்கு விரியும். அங்கே வேலை செய்கிறவர்கள் வாயில் அதற்கு இழுப்பு என்று பெயர். மொத்தம் பன்னிரண்டு இழுப்புகள். பத்தொன்பது வருடமாக அவை அவள் பொறுப்பு. வாசல் கூட்டுகிறவளாக உள்ளே வந்தவள், பழைய மெக்கானிக்குக்கு ஸ்பேனர் எடுத்துக் கொடுத்துக் கொடுத்தே வேலையைப் பிடித்துக்கொண்டாள்.

கட்டடம் மாநகராட்சியுடையது. ஒரு வாரம் கூடைப்பந்து, மறு வாரம் பல் மருத்துவர்கள் மாநாடு, அதற்கடுத்து சமையல் சாமான் கண்காட்சி, குத்துச்சண்டை, பாட்டுக் கச்சேரி, வேலைவாய்ப்பு முகாம். பார்க்க வருகிறவர்களுக்கு நிகழ்ச்சி மட்டும்தான் தெரியும். ஒன்றுக்கும் இன்னொன்றுக்கும் நடுவில் உள்ளே நடக்கிற கூத்து தெரியாது. பந்தாட்டத் தரையை இருநூற்றுச் சொச்சம் பலகைகளாகக் கழற்றி வண்டியில் அடுக்க வேண்டும். மேடையைப் பூட்டி நிறுத்த வேண்டும். ஆயிரத்து இருநூறு நாற்காலிகளை நூல் பிடித்து வரிசை போட வேண்டும். தரைக்குப் பொறுப்பான ஆளுக்கு நெஞ்சுவரை தாடி. பலகைத்தாடி என்று பேர். அவர் ஆட்கள் பலகையைக் கழற்றி முடித்தால்தான் இவள் இழுப்பை விரிக்க முடியும். அதனால் இருவருக்கும் மாதத்தில் நாலு தடவையாவது வாய்த்தகராறு வரும். தகராறு முடிந்ததும் ஒரே பிளாஸ்கில் இருந்து டீ குடிப்பார்கள்.

அந்தப் புதன்கிழமை காலையில் வெளியே மழை பிடித்துக் கொட்டிக்கொண்டிருந்தது. தகரக் கூரையில் மழை விழுந்தால் உள்ளே பேசுவது கேட்காது. மறுநாள் பிற்பகல் கல்லூரிகளின் பட்டமளிப்பு விழா. அவள் மகளும் செவிலியர் படிப்பு முடித்து அதில்தான் பட்டம் வாங்கப்போகிறாள். அந்தச் சந்தோஷத்தில் அன்று இழுப்பக்கா தாடியோடு தகராறுகூடச் செய்யவில்லை. ஆறு இழுப்புகளை விரித்து முடித்து ஏழாவதற்கு வந்தாள். ஒவ்வொரு படியும் வெளியே வந்து நிற்கும்போது அடியில் கொக்கி விழுந்து ‘டக்’ என்று சத்தம் வரும். பதினோரு படிக்குப் பதினோரு டக். அன்றைக்குப் பத்துதான் வந்தது.

மழைச் சத்தத்தில் காதில் விழவில்லை போலிருக்கிறது என்று தாடி சொன்னார். அவள் இழுப்பை மடக்கி மறுபடி விரித்தாள். மறுபடியும் பத்துதான். டார்ச்சை வாயில் கவ்விக்கொண்டு அடியில் புகுந்தாள். அந்த இடத்தைப் பற்றி அவள் ஒரு புத்தகமே எழுதலாம். ஒற்றைச் செருப்பு, உடைந்த கண்ணாடி, குழந்தையின் கிலுகிலுப்பை, எல்லாம் அங்கே கிடைக்கும். பல் மருத்துவர்கள் மாநாடு முடிந்த மறுநாள் ஒரு பல்செட் கிடைத்தது. இதுவரை யாரும் உரிமை கொண்டாடி வரவில்லை. அன்று அவள் எதையும் பார்க்கவில்லை. முழங்காலில் நகர்ந்து நாலாவது படிக்குக் கீழே போய் நின்றாள். கொக்கி இருந்தது. கொக்கி உட்காருகிற இரும்புத் தகட்டில் தலைமுடி அகலத்துக்கு ஒரு கோடு ஓடியது. துணியால் துடைத்துவிட்டு நகத்தால் தடவினாள். நகம் மாட்டியது.

வெளியே வந்து, சட்டையில் தூசி தட்டாமலேயே, ஏழாம் இழுப்பின் கைப்பிடியில் சிவப்பு அட்டையைக் கட்டினாள். சிவப்பு அட்டை கட்டினால் யாரும் ஏறக் கூடாது என்று அர்த்தம்.

அரங்கத்தின் மேலாளர் நாற்பது வயதுகூட ஆகாதவர். கையில் எப்போதும் இரண்டு கைப்பேசிகள். ஒன்றில் பேசும்போதே மற்றதைப் பார்ப்பார். கெட்டவர் என்று யாரும் சொல்ல முடியாது. ஓடி வந்து அடியில் எட்டிப் பார்த்தார். டார்ச் வெளிச்சத்தில் அவர் கண்ணுக்குக் கோடு தெரியவில்லை. போன மாதம்தானே சோதனை முடிந்தது, எல்லாம் சரியென்று எழுதியிருக்கிறார்களே என்றார். போன மாதம் சரியாகத்தான் இருந்தது என்றாள் அவள். கம்பெனிக்குப் போன் போட்டார். மெக்கானிக் திங்கட்கிழமைதான் வர முடியும் என்று சொல்லிவிட்டார்கள். நானூற்று நாற்பது இருக்கை, எண் போட்டு அழைப்பிதழ் எல்லாம் வீடு வீடாகப் போய்ச் சேர்ந்தாகிவிட்டது, மேயர் வருகிறார் என்று ஒவ்வொன்றாகச் சொல்லிக்கொண்டே வந்தார். கடைசியில் குரலை இறக்கினார்.

“ஒரு சங்கிலி போட்டு இறுக்கிக் கட்டிட்டா தாங்காதா அக்கா?”

“கட்டினா நிக்கும் சார். நானூறு பேர் ஏறி, புள்ள பேரைக் கேட்டதும் ஒரேயடியா எழுந்து கை தட்டினா நிக்குமான்னு எனக்குத் தெரியாது. தெரியாததுக்கு நான் எப்படிக் கையெழுத்துப் போடுறது?”

விரித்த இழுப்பில் ஆள் ஏற வேண்டுமென்றால் பச்சைத் தாளில் அவள் கையெழுத்து வேண்டும். அதுதான் விதி. மேலாளர் இரண்டு கைப்பேசிகளையும் ஒரே பையில் போட்டுக்கொண்டார். பிறகு சிரித்த முகமாக, நாளைக்கு நீங்கள் வேலைக்கே வர வேண்டாம், லீவு போட்டுக்கொள்ளுங்கள், மகள் பட்டம் வாங்குவதை அம்மாவாக உட்கார்ந்து பாருங்கள், முன் வரிசையில் குடும்பத்துக்கே இடம் போட்டுத் தருகிறேன் என்றார்.

“எனக்கு லீவு குடுக்கிறீங்களா சார், ஏழாம் இழுப்புக்கு லீவு குடுக்கிறீங்களா?”

அவர் சிரித்தார். அவள் சிரிக்கவில்லை.

வீடு பேருந்துப் பணிமனைக்குப் பின்னால், மூன்றாம் மாடியில், இரண்டு அறை. சாயங்காலம் அவள் படியேறி வந்தபோது மகள் கறுப்பு அங்கியை மேசைமேல் விரித்து இஸ்திரி போட்டுக்கொண்டிருந்தாள். வாடகைக்கு எடுத்த அங்கி. முன்னால் போட்டவள் உயரமானவள் போலிருக்கிறது, கீழே ஒரு சாண் மடித்துத் தைக்க வேண்டியிருந்தது. இழுப்பக்கா முகம் கழுவிவிட்டு ஊசி நூல் எடுத்து உட்கார்ந்தாள். சோறு வெந்துகொண்டிருந்தது. மழை நின்று, ஜன்னல் கம்பியில் தண்ணீர் சொட்டிக்கொண்டிருந்தது.

கணவர் வந்து சேர ஏழு மணி ஆயிற்று. அவருக்கும் அதே அரங்கத்தில்தான் வேலை. குளிரூட்டும் இயந்திரக் கூடத்தில் மேற்பார்வையாளர். பேச்சும் அந்த இயந்திரம் மாதிரிதான், தேவையென்றால் மட்டும் ஓடும். ஐந்து வருடத்துக்கு முன்னால் ஒரே ஒரு தடவை ஒரு அதிகாரியை எதிர்த்துப் பேசினார். அதற்குக் கழிவுநீர் இறைக்கும் நிலையத்துக்கு மாற்றினார்கள். இரண்டு வருடம் அங்கே கிடந்து, இருமலோடு திரும்பி வந்தார். அதன்பிறகு யார் எதைச் சொன்னாலும் தலையாட்டிவிட்டு வருவார்.

அன்று தட்டில் சோற்றைப் போட்டுக்கொண்டு பொரித்த முட்டையைத் தொடாமல் அப்படியே உட்கார்ந்திருந்தார். அவள் பார்த்துக்கொண்டே இருந்தாள். இத்தனை வருடக் குடித்தனத்தில் அவர் முட்டையைத் தொடாமல் இருந்து பார்த்ததில்லை.

“மேலாளர் என்கிட்ட கேட்டாரு,” என்றார். “நீ லீவுல இருந்தா மேற்பார்வையாளர் கையெழுத்துப் போடலாம்னு விதியில இருக்காம்.”

“நீங்க என்ன சொன்னீங்க?”

“பார்க்கலாம்னு சொன்னேன்.”

“அடியில போய்ப் பார்த்தீங்களா?”

அவர் சோற்றைப் பிசைந்தார். பிறகு, சங்கிலி போட்டுக் கட்டியிருக்கிறார்கள், இரட்டைச் சங்கிலி, மூன்று மணி நேர விழாதானே, ஒன்றும் ஆகாது என்று சோற்றைப் பார்த்துச் சொன்னார். இன்னும் இரண்டு வருடத்தில் ஓய்வு, இந்த இருமலோடு மறுபடி அந்தக் குழிக்குப் போக என்னால் முடியாது என்பதையும் சொன்னார்.  அவளுக்கு அவர்மேல் கோபமும் வந்தது, பாவமாகவும் இருந்தது. இரண்டும் சேர்ந்து வந்ததால் எதையும் காட்ட முடியவில்லை.

கோபத்தை வெளியே காட்டியது மகள்தான். சின்ன வயதிலிருந்து தன் பள்ளிக்கூட விழா எதற்கும் அம்மா வந்ததில்லை, கேட்டால் அன்றைக்கு மாநாடு, அன்றைக்குப் பந்தாட்டம் என்று பதில் வரும் என்றாள். இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுச் சொன்னாள்:

“நாளைக்கு ஒரு நாள். ஒரே ஒரு நாள் அந்த எடத்த மறந்துட்டு எனக்கு அம்மாவா வந்து உட்காரும்மா. முன் வரிசை குடுக்கிறாங்க. வேற யாருக்குக் கிடைக்கும்?”

இழுப்பக்கா தைத்துக்கொண்டிருந்த நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

“நமக்கு முதல்ல எங்க சீட்டு போட்டிருந்தாங்க?”

மகள் அழைப்பிதழை எடுத்துப் பார்த்தாள். அவள் பார்ப்பதற்கு நேரமாயிற்று, பார்த்தபிறகும் சொல்ல நேரமாயிற்று.

“ஏழுல.”

“சரி. நம்மள அங்கேர்ந்து தூக்கி முன்னாடி உட்கார வச்சாச்சு. நம்ம எடத்துல நாளைக்கு யாரு உட்காருவா?”

 மகள் அங்கியை எடுத்து உதறி ஆணியில் மாட்டினாள். அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டாள். ஓங்கி அறையவில்லை, மெதுவாகத்தான் சாத்தினாள். இழுப்பக்காவுக்கு அதுதான் அதிகமாக வலித்தது.

மறுநாள் காலையில் கணவர் வழக்கத்தைவிட ஒரு மணி நேரம் முன்னாலேயே கிளம்பிப் போய்விட்டார். அவள் தலைவாரி, கல்யாண வீடுகளுக்குப் போட்டுக்கொள்ளும் நல்ல உடுப்பை உடுத்திக்கொண்டாள். மகள் கண்ணாடி முன்னால் நின்றபடி, வருகிறாயா என்று கேட்டாள். வருகிறேன் என்றாள். எங்கே உட்காருவாய் என்று மகள் கேட்கவில்லை.

பத்தரை மணிக்கு அவள் ஊழியர் வாசல் வழியாகப் போகாமல், இன்னும் திறக்காத பொதுமக்கள் வாசலைக் காவலாளியிடம் சொல்லித் திறக்கவைத்து, கையில் அழைப்பிதழோடு உள்ளே போனாள். ஏழாம் இழுப்பில் சிவப்பு அட்டையைக் காணோம். அந்த இடத்தில் பச்சைத் தாள் ஒட்டியிருந்தது. அடியில் கணவரின் கையெழுத்து. அவர் கையெழுத்து எப்போதும் கோழி கிளறிய மாதிரி இருக்கும். அன்று பள்ளிக்கூடப் பிள்ளை எழுதியது மாதிரி ஒவ்வொரு எழுத்தும் தனித்தனியாக இருந்தது.

அவள் அந்தத் தாளைக் கிழிக்கவில்லை. ஒரு மடக்கு நாற்காலியை எடுத்து வந்து, ஏழாம் இழுப்புக்கு ஏறும் இடதுபக்கப் படிவாயில் குறுக்காகப் போட்டு உட்கார்ந்தாள். மடியில் கைப்பை.

தாடிதான் முதலில் பார்த்தார். என்னக்கா இது, வேலை போய்விடும் என்றார். வலதுபக்கப் படிவாயில் நீ கொஞ்சம் உட்கார் என்று அவள் கேட்டாள். தாடி தாடியைத் தடவினார், அங்கே இங்கே பார்த்தார், எனக்கு மூன்று பிள்ளைகள் அக்கா என்று சொல்லிவிட்டு நாற்காலி வரிசைகளுக்குள் மறைந்துபோனார். அவரை அவள் பிறகும் குற்றம் சொன்னதில்லை.

பன்னிரண்டு மணிக்குக் கதவைத் திறந்தார்கள். ஈரக் குடைகளோடு, குழந்தைகளோடு, பூங்கொத்துகளோடு ஜனம் உள்ளே வந்தது. ஏழாம் இழுப்புக்கு வந்தவர்களிடம் அவள் ஒரே மாதிரி சொன்னாள்: இதை இத்தனை வருடமாக விரிக்கிறவள் நான், அடியில் தகடு விரிசல் விட்டிருக்கிறது, ஏறாதீர்கள். சிலர் நின்று கேட்டார்கள். சிலர் அதிகாரி சொல்லட்டும் என்றார்கள். நரைத்த தலைக்காரர் ஒருவர், நாலு மணி நேரம் பஸ்ஸில் நின்றுகொண்டே வந்திருக்கிறேன், என் பிள்ளைதான் எங்கள் குடும்பத்திலேயே முதல் பட்டம், நீ யார் என்னைத் தடுக்க என்று சத்தம் போட்டார். அவள் எழுந்து நின்று தன் அழைப்பிதழை அவரிடம் காட்டினாள்.

“ஐயா, என் பொண்ணும் இன்னைக்குத்தான் வாங்குறா. எனக்கும் இதே ஏழுலதான் சீட்டு. நான் ஏற மாட்டேன். உங்கள ஏத்தவும் மாட்டேன்.”

அவர் அப்போதும் திட்டிக்கொண்டுதான் இருந்தார். ஆனால் படியில் வைத்த காலை எடுத்துவிட்டார்.

தொந்தரவு வலதுபக்கத்தில். அங்கே தடுக்க ஆளில்லை. ஒரு குடும்பம் ஏறிவிட்டது, அடுத்து இன்னொன்று. அவள் இங்கிருந்து கத்தினால் அங்கே கேட்கவில்லை; எழுந்து அங்கே போனால் இங்கே ஏறுவார்கள். முப்பது பேர் ஆயிற்று, நாற்பது ஆயிற்று. ஒரு தாய் கைக்குழந்தையோடு நாலாவது வரிசையில் போய் உட்கார்ந்தாள். 

அப்போது மேலாளர் இரண்டு காவலாளிகளோடு வந்தார். முகம் வெளுத்திருந்தது. மேயர் வண்டி கிளம்பிவிட்டது, எழுந்திருங்கள் அக்கா, உங்களைத் தூக்கிக்கொண்டு போகவைக்காதீர்கள் என்றார். தூக்குங்கள் என்றாள். காவலாளிகள் இருவரும் அவள் கையால் டீ வாங்கிக் குடித்தவர்கள். ஒருவர் முகத்தை ஒருவர் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

வலதுபக்கத்தில் ஒரு குரல் கேட்டது. அரங்கத்தில் அந்தக் குரல் உயர்ந்து யாரும் கேட்டதில்லை. எல்லாரும் இறங்குங்க, மெதுவா, ஓடாதீங்க, ஒவ்வொருத்தரா இறங்குங்க. அவள் கணவர்தான். நீலச் சட்டை முழங்கை வரை கறுத்திருந்தது, முழங்காலில் தூசி அப்பியிருந்தது, தலைமுடியில் ஒட்டடை. கைக்குழந்தையைத் தான் வாங்கிக்கொண்டு அந்தத் தாயை இறக்கிவிட்டார். கடைசி ஆள் இறங்கியதும் வலதுபக்கப் படிவாயில் கீழ்ப்படியில் அப்படியே உட்கார்ந்து இருமினார்.

மேலாளர் அவரிடம் ஓடினார்.

“நீங்கதானே காலையில கையெழுத்துப் போட்டீங்க?”

“போட்டேன். தப்பாப் போட்டேன். இப்போதான் அடியில போய்ப் பார்த்தேன்.”

 இந்தக் கோடியில் அவள், அந்தக் கோடியில் அவர். நடுவே காலியாக நானூற்று நாற்பது இருக்கை. இவள் அவரைப் பார்த்தாள். அவர் பார்க்கவில்லை, கையைத் துடைத்துக்கொண்டிருந்தார்.

இடம் கிடைக்காத ஜனம் சுவரோரமும் நடைபாதையிலும் நெருக்கியடித்து நின்றது. முணுமுணுப்பு பெரிதாகிக்கொண்டே வந்தது. மேடையில் மைக்கைத் தட்டிப் பார்த்தார்கள். பட்டதாரிகள் கறுப்பு அங்கிகளில் தரை நாற்காலிகளில் வரிசையாக உட்கார்ந்திருந்தார்கள். செவிலியர் வரிசையில் ஒரு பெண் எழுந்தாள். மடித்துத் தைத்த இடத்தில் நூல் பிரிந்து அங்கி ஒருபக்கம் இழுத்துக்கொண்டு தொங்கியது. அவள் சுவரோரம் போய், சத்தம் போட்ட அதே நரைத்த தலைக்காரரின் கையைப் பிடித்து அழைத்து வந்து, தன் நாற்காலியில் உட்காரவைத்தாள். பிறகு அவளிருந்த வரிசையைப் பார்த்து என்னவோ சொன்னாள். என்ன சொன்னாள் என்பது இழுப்பக்காவுக்குக் கேட்கவில்லை. அந்த வரிசை மொத்தமும் எழுந்தது. அடுத்த வரிசையில் பாதிப் பேர் எழுந்தார்கள், மீதிப் பேர் தலையைக் குனிந்துகொண்டார்கள். பொறியியல் பையன்கள் கொஞ்சம் யோசித்துவிட்டு, யார் முதலில் எழுவது என்று பார்த்து, கடைசியில் கூட்டமாக எழுந்தார்கள். எல்லோருக்கும் இடம் கிடைத்தது என்று சொல்ல முடியாது. திட்டிவிட்டு வெளியே போனவர்களும் உண்டு. ஆனால் விழா நடந்தது. மேயர் அரைமணி நேரம் பேசினார். ஒரு பக்கம் முழுக்க ஏன் காலியாக இருக்கிறது என்று கேட்டாராம், ஏதோ சொல்லிச் சமாளித்தார்களாம்.

மகள் பேரை வாசித்தபோது இழுப்பக்கா எழுந்து கை தட்டவில்லை. எழுந்தால் நாற்காலி நகரும், நகர்ந்தால் யாராவது ஏறுவார்கள். உட்கார்ந்த இடத்திலேயே கழுத்தை எக்கிப் பார்த்தாள். முன்னால் நின்றவர்களின் தோள்களுக்கு நடுவில் ஒரு கறுப்புத் தொப்பி மேடை ஏறுவது தெரிந்தது. அவ்வளவுதான். அந்தக் கோடியிலிருந்து ஒரு ஆள் கை தட்டுகிற சத்தம் மட்டும் எல்லோரும் நிறுத்திய பிறகும் கேட்டது.

வெள்ளிக்கிழமை காலையில் இருவருக்கும் கடிதம் வந்தது. விசாரணை முடியும்வரை வேலைக்கு வர வேண்டாம். மூன்று நாள் இரண்டு பேரும் வீட்டில் இருந்தார்கள். கல்யாணமான புதிதுக்குப் பிறகு அப்படி இருந்ததே இல்லை. ஒருவர் காலை ஒருவர் மிதித்துக்கொண்டு அந்த இரண்டு அறைக்குள் நடமாடினார்கள். மகள் ஆஸ்பத்திரியில் வேலைக்குச் சேர்வதற்கான தாள்களை நிரப்பிக்கொண்டிருந்தாள். ஞாயிற்றுக்கிழமை, அன்றைக்கு என்னை மேடையில் பார்த்தாயா என்று அம்மாவிடம் கேட்டாள். தொப்பியைப் பார்த்தேன் என்றாள் இவள். மகள் ஒரு நிமிடம் முறைத்துவிட்டுச் சிரிக்க ஆரம்பித்தாள். நிறுத்த முடியாமல் சிரித்தாள். கணவர் என்னவென்று புரியாமல் அறைக்குள்ளிருந்து எட்டிப் பார்த்தார்.

திங்கட்கிழமை மத்தியானம் தாடி போன் செய்தார். கம்பெனி மெக்கானிக் வந்தாராம். சங்கிலியைக் கழற்றிவிட்டு நாலாம் படித் தகட்டைச் சுத்தியலால் லேசாகத் தட்டினாராம். இரண்டாவது தட்டில் பாதித் தகடு கழன்று தரையில் விழுந்ததாம். மெக்கானிக் வெளியே போய் நின்றுகொண்டிருந்தாராம். சொல்லிவிட்டு, நான் அன்றைக்கு உட்கார்ந்திருக்க வேண்டும் அக்கா என்றார் தாடி. விடு, அடுத்த தடவை உட்கார் என்றாள்.

மறுநாள் மேலாளர் இருவரையும் அழைத்தார். அவர் அறையில் உட்கார்ந்திருந்த தோரணையே மாறியிருந்தது. கைப்பேசி இரண்டும் மேசைமேல் கவிழ்ந்து கிடந்தன. ஒரு கை கால்சட்டைப் பைக்குள் இருந்தது. தகடு விழுந்ததைப் பற்றி அவர் நேராகப் பேசவில்லை. மாநகராட்சியில் எல்லோரும் இதைச் சுமுகமாக முடிக்கவே விரும்புகிறார்கள், பொதுமக்கள் முன்னால் ஒழுங்கு மீறியதற்கு ஆளுக்கொரு மன்னிப்புக் கடிதம் எழுதிக் கொடுத்தால் இன்றைக்கே வேலைக்கு வரலாம், மாற்றம் கீற்றம் எதுவும் இருக்காது என்றார். வெள்ளைத் தாளும் பேனாவும் எடுத்து வைத்தார்.

கணவர் பேனாவை எடுக்கவில்லை. மனைவியைப் பார்த்தார். அவள் தாளைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டு எழுத ஆரம்பித்தாள். அவளுக்கு எழுத்து வேகமாக வராது. சுவர்க் கடிகாரம் ஓடும் சத்தம் கேட்க, நாலு வரி எழுதினாள். கீழே கையெழுத்துப் போட்டுக் கணவரிடம் தள்ளினாள். அவர் படித்துவிட்டு அவள் பெயருக்குக் கீழே தன் பெயரைப் போட்டார். கோழி கிளறிய மாதிரி.

மேலாளர் வாங்கிப் படித்தார். பன்னிரண்டு இழுப்பும் ஒரே வருடம் ஒரே கம்பெனி கொண்டுவந்து பொருத்தியவை என்றும், ஏழில் போன தகடு மற்றதிலும் போகும் என்றும், ஒவ்வொன்றின் எல்லாத் தகட்டையும் தட்டிப் பார்த்து மாற்றும்வரை எதிலும் ஆள் ஏற்றக் கூடாது என்றும் எழுதியிருந்தது. அவர் தாளைத் திருப்பிப் பின்பக்கத்தையும் பார்த்தார்.

“இதுல மன்னிப்பு எங்க இருக்கு?”

“இல்ல சார்,” என்றாள் அவள். “அடுத்த நிகழ்ச்சி என்னைக்கு?”

“சனிக்கிழமை. கூடைப்பந்து.”

“அப்போ இன்னும் நாலு நாள் இருக்கு. ரெண்டு பேரும் அடியில இறங்கினா மத்த பதினொண்ணையும் பார்த்துடலாம். மோட்டார் ரூம் சாவி வேணும்.”

கையை நீட்டினாள். அவர் ஜன்னலைப் பார்த்தார், கவிழ்ந்து கிடந்த கைப்பேசிகளைப் பார்த்தார், கடிதத்தை இன்னொரு தடவை பார்த்தார். அவள் நீட்டிய கையை மடக்கவில்லை. அவர் கால்சட்டைப் பையிலிருந்து கையை எடுத்தார். சாவிக்கொத்து அவள் உள்ளங்கையில் விழுந்தபோது சூடாக இருந்தது. அவர்கள் வந்ததிலிருந்தே அவர் அதைக் கையில் பிடித்துக்கொண்டுதான் உட்கார்ந்திருந்திருக்கிறார்.